பக்கத்தில் நின்றே புகழ் பெற்றவர்!



உங்கள் பள்ளி ஆண்டு விழாவில் நாடகம் போடுகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்களுக்கு என்ன வேடம் வேண்டும் என்று ஆசிரியர் கேட்கிறார். என்ன சொல்வீர்கள்? ராஜா வேடம்! இல்லாவிட்டால் ராணி வேடம்! யாராவது காவல்காரன் வேடம் வேண்டும் என்று கேட்பீர்களா? கேட்க மாட்டீர்கள்.

பல ஆண்டுகளுக்கு முன், பல்லடம் பக்கத்தில் ஒரு கிராமத்துப் பள்ளியில் நான் ஆசிரியராக இருந்தேன். ஆண்டு விழாவுக்கு 'மனுநீதிச் சோழன்' நாடகம் போட முடிவு செய்தோம். ஆறாம் வகுப்பு மாணவன் ஒருவன் ராஜா வேடத்துக்கு ஆசைப்பட்டான். அவனுடைய அப்பா விசைத்தறியில் வேலை செய்பவர். ராஜா வேடம் வேறொரு பையனுக்குப் போய்விட்டது. இவனுக்கு ஆராய்ச்சி மணி பக்கத்தில் நிற்கும் காவல்காரன் வேடம் கொடுத்தேன். தான் என்ன பேச வேண்டும் என்று கேட்டான். பேச ஒன்றும் இல்லை, வேலைப் பிடித்துக்கொண்டு சும்மா நின்றால் போதும் என்று நான் சொல்லிவிட்டேன். அவன் முகம் வாடிப் போனது. மறுநாள் முதல் ஒத்திகைக்கு வரவே இல்லை.

நான் செய்தது எவ்வளவு பெரிய தவறு என்று அப்போது எனக்குப் புரியவில்லை. அதைப் புரிய வைத்தவர் ஒரு நடிகர். அவர் பெயர் டி.எஸ். பாலையா. கதாநாயகனின் பக்கத்தில் நின்றே ஊர் உலகம் மெச்சும்படி வாழ்ந்தவர். அவருடைய கதையைத்தான் இன்று சொல்லப் போகிறேன்.

நாடகமே பள்ளிக்கூடம்

இன்றைய தூத்துக்குடி மாவட்டத்தில் சுண்டன்கோட்டை என்று ஓர் ஊர் இருக்கிறது. அங்கே 1914ஆம் ஆண்டு ஆகஸ்டு 23ஆம் தேதி பாலையா பிறந்தார். அவர் பெயருக்கு முன்னால் உள்ள டி.எஸ். என்ற எழுத்துகளுக்குத் திருநெல்வேலி சுப்பிரமணியம் என்று விரிவு.

அந்தக் காலத்தில் தொலைக்காட்சி கிடையாது. பேசும் சினிமாவும் கிடையாது. தமிழில் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' வெளிவந்ததே 1931இல்தான். அதற்கு முன்பு மக்களுக்கு இருந்த பெரிய பொழுதுபோக்கு நாடகம். நாடகக் கம்பெனிகள் ஊர் ஊராகச் சென்று கொட்டகை போட்டு நாடகம் நடத்தும். சிறுவர்களை மட்டுமே வைத்து நடத்திய 'பாய்ஸ் கம்பெனி'களும் இருந்தன. அங்கே பையன்களுக்குச் சாப்பாடும் தங்க இடமும் கிடைக்கும். பதிலுக்கு வசனத்தை மனப்பாடம் செய்ய வேண்டும், பாட வேண்டும், ஆட வேண்டும், பெண் வேடமும் போட வேண்டும். ஒலிபெருக்கி இல்லாததால் கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் கேட்கும்படி உரத்த குரலில் பேச வேண்டும்.

அன்றைய தமிழ்த் திரையுலகில் புகழ் பெற்றவர்கள் பெரும்பாலும் இப்படி நாடக மேடையில் வளர்ந்தவர்களே. பாலையாவும் அப்படித்தான் நடிப்பைக் கற்றார்.

ஒரே படத்தில் இரண்டு புதியவர்கள்

1936ஆம் ஆண்டு 'சதி லீலாவதி' என்ற படம் வந்தது. எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை அது. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன். இவர் அமெரிக்கர். தமிழ் தெரியாமலே தமிழ்ப் படங்களை எடுத்தவர்!

கதாநாயகன் எம்.கே. ராதா. நல்லவனான கதாநாயகனைக் குடிப் பழக்கத்துக்குள் இழுத்துவிட்டு, குடும்பத்தையே கெடுக்கும் ராமநாதன் என்ற வில்லன் வேடம் பாலையாவுக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு வயது 22கூட நிறையவில்லை.

அதே படத்தில் போலீஸ் இன்ஸ்பெக்டராக ஒரு சிறிய வேடத்தில் இன்னொரு புதிய இளைஞரும் நடித்தார். அவர் யார் தெரியுமா? பிற்காலத்தில் 1977இல் தமிழ்நாட்டின் முதலமைச்சரான எம்.ஜி.ஆர்.! இருவருக்கும் அதுவே முதல் படம். அந்தப் படத்தில் எம்.ஜி.ஆரைவிடப் பாலையாவுக்குத்தான் பெரிய வேடம்.

அடுத்த ஆண்டே, அதாவது 1937இல், டங்கன் இயக்கிய 'அம்பிகாபதி' வந்தது. கம்பரின் மகன் அம்பிகாபதியாக நடித்தவர் எம்.கே. தியாகராஜ பாகவதர். அவருக்கு எதிரியான ருத்ரசேனன் வேடம் பாலையாவுக்கு. பாகவதரின் பாட்டைக் கேட்க மக்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். வந்தவர்கள் பாலையாவைத் திட்டிக்கொண்டே வீடு திரும்பினார்கள். ஒரு வில்லன் நடிகருக்கு அந்தத் திட்டுதான் பாராட்டு!

பாலையா ஏன் பெரும்பாலும் கதாநாயகனாக நடிக்கவில்லை என்று கேட்பீர்கள். அன்றைய படங்களில் பாட்டுகள் ஏராளம். பின்னணி பாடும் முறை வருவதற்கு முன், நடிகரே கேமரா முன்னால் நின்று பாட வேண்டும். அதனால் நன்றாகப் பாடுகிறவர்களே கதாநாயகர்கள் ஆனார்கள். பாகவதரும் பி.யு. சின்னப்பாவும் அப்படி உயர்ந்தவர்கள். பாலையா பாட்டுக்குப் பெயர் போனவர் அல்லர். அவரிடம் இருந்த செல்வம் வேறு. கணீரென்ற குரல். நொடிக்கு நொடி மாறும் முகம். உருட்டி விழிக்கும் கண்கள். இந்த மூன்றையும் வைத்துக்கொண்டு அவர் தமக்கென்று ஓர் இடம் பிடித்தார்.

கொங்கு நாட்டில் பாலையா

சினிமா என்றால் சென்னை என்றுதான் இன்று நாம் நினைக்கிறோம். ஆனால் அந்தக் காலத்தில் எங்கள் கொங்குப் பகுதியும் சினிமாவுக்குப் பெயர் பெற்றிருந்தது. கோயம்புத்தூரில் சென்ட்ரல் ஸ்டூடியோ, பட்சிராஜா ஸ்டூடியோ இரண்டும் இருந்தன. சேலத்தில் டி.ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ் இருந்தது.

மாடர்ன் தியேட்டர்ஸ் 1940இல் எடுத்த 'உத்தம புத்திரன்' படத்தில் பி.யு. சின்னப்பா அண்ணன், தம்பி என்று இரட்டை வேடத்தில் நடித்தார். பிரெஞ்சு எழுத்தாளர் அலெக்சாண்டர் டூமா எழுதிய இரும்பு முகமூடி மனிதனின் கதையைத் தழுவிய படம் இது. இதிலும் பாலையா நடித்தார்.

1949இல் 'வேலைக்காரி' வெளிவந்தது. அறிஞர் அண்ணா எழுதிய கதை. கதாநாயகன் ஆனந்தனாக கே.ஆர். ராமசாமி நடித்தார். ஆனந்தனின் தந்தை கடன் தொல்லையால் உயிரை விடுகிறார். அதற்குக் காரணமான பணக்காரரைக் கொல்ல ஆனந்தன் கத்தியைத் தீட்டுகிறான். அப்போது அவனுடைய நண்பன் மணி வந்து தடுக்கிறான். கத்தியை விட்டுவிட்டு அறிவைக் கூர்மையாக்கிக்கொள்ளச் சொல்கிறான். அந்த நண்பன் மணிதான் பாலையா! அவரை வில்லனாகப் பார்த்துப் பழகிய மக்கள், ஒரு நல்ல நண்பனாகவும் ஏற்றுக்கொண்டார்கள்.

அதன் பிறகு அவருக்கு விதவிதமான வேடங்கள் வந்தன. 1954இல் 'தூக்குத் தூக்கி' படத்தில் தமிழை மழலையாகப் பேசும் வடநாட்டு சேட்டாக வந்து சிரிக்க வைத்தார். 1956இல் 'மதுரை வீரன்' படத்தில் நரசப்பனாக வந்து வில்லத்தனத்தையும் சிரிப்பையும் ஒன்றாகக் கலந்து கொடுத்தார். 1959இல் 'பாகப்பிரிவினை' படத்தில் குடும்பத்தின் மூத்த அண்ணன். உயிராகப் பழகிய அண்ணனும் தம்பியும் சொத்தைப் பிரித்து, வீட்டுக்கு நடுவே சுவர் எழுப்பும் கதை அது. பயமுறுத்திய அதே பாலையா இதில் பார்ப்பவர்களை அழ வைத்தார்.

இப்படி எந்த வேடம் கொடுத்தாலும் அந்த மனிதராகவே மாறிவிடும் நடிகரைத்தான் 'குணச்சித்திர நடிகர்' என்கிறோம்.

கதை கேட்ட அப்பா

1964இல் ஸ்ரீதர் இயக்கிய 'காதலிக்க நேரமில்லை' வெளிவந்தது. வண்ணத்தில் எடுத்த முழு நகைச்சுவைப் படம். எங்கள் ஊரிலிருந்து பொள்ளாச்சி வழியாகப் போனால் ஆழியாறு அணை வரும். இந்தப் படத்தின் காட்சிகள் அங்கே எடுக்கப்பட்டன.

இதில் பாலையா, விஸ்வநாதன் என்ற பணக்கார எஸ்டேட் முதலாளி. அவருடைய மகன் செல்லப்பாவாக நாகேஷ். செல்லப்பாவுக்கு சினிமா எடுக்கும் பைத்தியம். கையில் காசு கிடையாது. ஒரு நாள் அப்பாவை உட்கார வைத்து, தான் எடுக்கப் போகும் பேய்ப் படத்தின் கதையைச் சொல்கிறான்.

இந்தக் காட்சி தொலைக்காட்சியில் வந்தால் கவனித்துப் பாருங்கள். பேசுவது, ஓடுவது, சத்தம் எழுப்புவது எல்லாம் நாகேஷ். பாலையாவோ நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். முதலில் மகனை அலட்சியமாகப் பார்க்கிறார். பிறகு கதையில் கொஞ்சம் ஆர்வம் வருகிறது. அப்புறம் கண் விரிகிறது. உடம்பு ஒடுங்குகிறது. கடைசியில் அவ்வளவு பெரிய முதலாளி சின்னக் குழந்தைபோலப் பயந்து நடுங்குகிறார்!

நாகேஷ் சொல்லும் பேயை நாம் எங்கே பார்க்கிறோம்? பாலையாவின் முகத்தில்தான் பார்க்கிறோம். அவர் அப்படிக் கேட்காமல் வெறுமனே உட்கார்ந்திருந்தால் அந்தக் காட்சி இத்தனை ஆண்டுகள் நின்றிருக்காது.

இந்தப் படம் 1966இல் இந்தியில் எடுக்கப்பட்டது. அங்கே அப்பா வேடத்தில் ஓம் பிரகாஷும் மகன் வேடத்தில் மெகமூதும் நடித்தார்கள்.

கர்வம் கரைந்த கதை

1965இல் ஏ.பி. நாகராஜன் இயக்கிய 'திருவிளையாடல்' வந்தது. நான் சிறுவனாக இருந்தபோது டூரிங் டாக்கீஸில் தரை டிக்கெட் வாங்கி, மணலைக் குவித்து மேடாக்கி உட்கார்ந்து பார்த்த படம் இது.

பரஞ்சோதி முனிவர் பாடிய திருவிளையாடற் புராணத்தில் 'விறகு விற்ற படலம்' என்று ஒரு பகுதி உண்டு. ஏமநாதன் என்ற பெரிய பாடகன் மதுரைக்கு வருகிறான். பாண்டிய நாட்டில் தன்னைப் போலப் பாட ஆள் உண்டா என்று சவால் விடுகிறான். அவனோடு போட்டியிடும்படி பாணபத்திரர் என்னும் பக்தரிடம் மன்னன் சொல்கிறான். பாணபத்திரர் கலங்கிப் போய் சிவபெருமானிடம் முறையிடுகிறார். சிவபெருமானே விறகு விற்பவராக வந்து, ஏமநாதன் தங்கிய வீட்டுத் திண்ணையில் அமர்ந்து பாடுகிறார்.

படத்தில் ஏமநாதனாக, அதாவது ஹேமநாத பாகவதராக நடித்தவர் பாலையா. சிவபெருமானாக சிவாஜி கணேசன். ஹேமநாதர் அரசவையில் பாடும் பாட்டை உண்மையில் பாடியவர் கர்நாடக இசை மேதை எம். பாலமுரளிகிருஷ்ணா. கவிஞர் கண்ணதாசன் எழுதி, கே.வி. மகாதேவன் இசையமைத்த அந்தப் பாட்டில் ராகங்களின் பெயர்கள் வந்துகொண்டே இருக்கும்.

பாட்டுக்குப் பெயர் போகாத பாலையா, ஒரு மேதையின் குரலுக்கு வாயசைக்க வேண்டும்! அவர் எப்படிச் செய்தார் தெரியுமா? உதட்டை மட்டும் அசைக்கவில்லை. கழுத்து, தோள், கை, புருவம் எல்லாமே பாடின. நிமிர்ந்த தலையும் ஏளனச் சிரிப்பும், தன்னை வெல்ல ஆளே இல்லை என்று சொல்லாமல் சொல்லின. அவரே பாடுகிறார் என்று நம்பியவர்கள் பலர். டாக்கீஸ் மணலில் உட்கார்ந்து நானும் அப்படித்தான் நம்பினேன்.

ஆனால் அதைவிட உயர்ந்தது இனிமேல்தான் வருகிறது. இரவு நேரம். விறகு விற்பவரின் பாட்டு ஒலிக்கிறது. இப்போது பாலையா பாடவில்லை, கேட்கிறார். கர்வம் நிறைந்த அந்த முகத்தில் முதலில் வியப்பு, பிறகு திகைப்பு, பிறகு அச்சம். பாணபத்திரரிடம் சீடனாகச் சேரக்கூடத் தகுதி இல்லாதவனே இப்படிப் பாடினால், அந்தப் பாணபத்திரர் எப்படிப் பாடுவாரோ என்று அஞ்சி, இரவோடு இரவாக ஊரைவிட்டே போய்விடுகிறார் ஹேமநாதர்.

சிவபெருமானின் பாட்டு எவ்வளவு உயர்ந்தது என்பதை நமக்குச் சொல்வது யார்? தோற்றுப் போகும் ஹேமநாதரின் முகம்தான்.

தவிலும் நாதசுரமும்

1967இல் கே. பாலசந்தரின் 'பாமா விஜயம்' வந்தது. அதில் மூன்று மகன்களுக்குத் தந்தையாக வந்தார் பாலையா. பக்கத்து வீட்டுக்கு ஒரு சினிமா நடிகை குடி வருகிறார். அவர் முன்னால் பெருமை காட்ட, கடன் வாங்கிப் பகட்டுப் பொருள்களை வாங்கிக் குவிக்கிறது குடும்பம். வரவுக்கு மேல் செலவு செய்யக் கூடாது என்று பாடம் புகட்டும் பெரியவர் அவர்.

1968இல் 'தில்லானா மோகனாம்பாள்'. கொத்தமங்கலம் சுப்பு ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதைதான் படமானது. நாதசுர வித்துவான் சிக்கல் சண்முகசுந்தரமாக சிவாஜி கணேசன். அவருக்குத் தவில் வாசிக்கும் முத்துராக்காக பாலையா.

கோயில் திருவிழாவிலும் கல்யாண வீட்டிலும் தவில் பார்த்திருப்பீர்கள். ஒரு பக்கம் குச்சியாலும், மறுபக்கம் விரல்களில் கூடு மாட்டிக்கொண்டும் அடிப்பார்கள். நாதசுரக்காரர் எந்தப் பக்கம் போகிறார் என்று தவில்காரர் காதைத் தீட்டிக்கொண்டு கேட்க வேண்டும். அவர் வேகம் எடுத்தால் இவரும் வேகம் எடுக்க வேண்டும். அவர் நிறுத்தினால் இவரும் அங்கேயே நிறுத்த வேண்டும். ஒரு நொடி கவனம் தப்பினாலும் கச்சேரி கெட்டுவிடும்.

பாலையா உண்மையில் தவில் வித்துவான் அல்லர். ஆனால் படத்தில் அவருடைய தலையாட்டலையும், தோளின் அசைவையும், சிவாஜியைப் பார்க்கும் பார்வையையும் கவனித்தால், பல ஆண்டுகள் தவில் அடித்துத் தழும்பேறிய மனிதராகவே தெரிவார். கதையிலும் அப்படித்தான். சண்முகசுந்தரம் கோபக்காரர். முத்துராக்கு அவர் கோபத்தைத் தாங்கி, அருகில் இருந்து காப்பவர்.

யோசித்துப் பார்த்தால், பாலையாவின் வாழ்க்கை முழுவதுமே இந்தத் தவில் வாசிப்புதான். பாகவதர், சின்னப்பா, கே.ஆர். ராமசாமி, எம்.ஜி.ஆர்., சிவாஜி என்று கதாநாயகர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். ஒவ்வொருவருக்கும் பக்கத்தில் நின்று, அவர்கள் சொல்வதைக் கேட்டு, அதற்கு ஏற்றபடி நடித்து, படத்தைத் தூக்கி நிறுத்தினார் அவர்.

36 ஆண்டுகள் திரையில் வாழ்ந்த பாலையா, 1972ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் தேதி மறைந்தார். 58ஆவது பிறந்த நாளுக்கு ஒரு மாதமே இருந்தது. அவருடைய மகனும் நடிகரானார். தந்தையின் பெயரையே தாங்கி 'ஜூனியர் பாலையா' என்று பெயர் பெற்ற அவர் 2023இல் காலமானார்.

மணி ஓசை கேட்டது!

மறுபடியும் என் மாணவனிடம் வருகிறேன். அந்த ஆண்டு விழா முடிந்து சில வாரங்கள் கழித்து, தொலைக்காட்சியில் 'திருவிளையாடல்' போட்டார்கள். திண்ணைப் பாட்டைக் கேட்கும் பாலையாவின் முகத்தைப் பார்த்தபோது எனக்குச் சுருக்கென்றது. பேச வசனம் இல்லாத இடத்தில்தான் அவர் அவ்வளவு பெரிய நடிப்பைக் காட்டுகிறார். நானோ ஒரு குழந்தையிடம் சும்மா நின்றால் போதும் என்று சொல்லிவிட்டேனே!

மறு ஆண்டும் அதே நாடகத்தைப் போட்டோம். அந்தப் பையனைக் கூப்பிட்டு, போன வருடம் நான் சொன்னது தவறு என்று ஒப்புக்கொண்டேன். பாலையாவைப் பற்றி இப்போது உங்களுக்குச் சொன்னதை எல்லாம் அவனுக்கும் சொன்னேன். மணி ஓசையை அந்த அரண்மனையிலேயே முதலில் கேட்பவன் காவல்காரன்தான், நீ உண்மையாகக் கேட்டால் கூட்டமும் கேட்கும் என்றேன். சற்று யோசித்துவிட்டு, அந்த வேடத்தை வாங்கிக்கொண்டான்.

விழா அன்று மணி அடித்தது. அவன் சட்டென்று திரும்பினான். மணிக் கயிற்றை இழுக்கும் பசுவைப் பார்த்தான். அவன் கை நடுங்கி வேல் ஆடியது. சலசலவென்று பேசிக்கொண்டிருந்த கூட்டம் அப்படியே அடங்கியது. பிறகுதான் ராஜா வந்தார்.

எங்கள் பல்லடத்தில் தறிச் சத்தம் கேட்காத தெரு குறைவு. தறியில் பாவு நூல் நீளமாக ஓடும். நாடா இடமும் வலமும் பாய்ந்து, குறுக்கே ஊடை நூலைக் கோத்துக்கொண்டே இருக்கும். பாவு எவ்வளவு நல்ல நூலாக இருந்தாலும், ஊடை ஏறாவிட்டால் அது துணி ஆகாது. கையில் எடுத்தால் நூல் நூலாகப் போய்விடும்.

மாணவச் செல்வங்களே! வகுப்பில் எல்லோரும் தலைவர் ஆக முடியாது. கபடி ஆட்டத்தில் எல்லோரும் ரைடு போக முடியாது. கோலாட்டத்தில் எல்லோரும் முன்வரிசையில் நிற்க முடியாது. உங்களுக்குக் கிடைத்த இடம் பக்கத்து இடமாக இருந்தால் வருந்தாதீர்கள். அந்த இடத்தில் சும்மா நிற்காதீர்கள். காதைத் திறந்து கேளுங்கள். கண்ணைத் திறந்து பாருங்கள். உங்கள் பங்கை முழு மனதோடு செய்யுங்கள்.

அடுத்த முறை பழைய படம் ஏதாவது பார்க்கும்போது, கதாநாயகனை மட்டும் பார்க்காமல் அவர் பக்கத்தில் நிற்பவரையும் பாருங்கள். அங்கே ஒரு பாலையா நின்றுகொண்டிருப்பார்!